எய்ஜி சுபுராயா: காட்ஸில்லாவுக்கு எடை கொடுத்த காமிராமேன்

கேள்வி இதுதான்: "பழைய காட்ஸில்லா படங்களில் ரப்பர் உடை போட்ட ஒருவர் பொம்மைக் கட்டடங்களை மிதிக்கிறார். அதைப் படமாக்கிய எய்ஜி சுபுராயாவை ஜப்பானில் ஏன் இவ்வளவு பெரிய கலைஞராக மதிக்கிறார்கள்?"

அந்த உடையைச் செய்தவர்கள் வேறு, அதற்குள் நின்று நடித்தவர் வேறு, கட்டடங்களை அமைத்தவர்கள் வேறு. சுபுராயா சேர்த்தது எடை. இரண்டு மீட்டர் உயர உடை ஒன்று ஐம்பது மீட்டர் உயிராகத் தெரிய வேண்டுமானால் காமிரா எந்த வேகத்தில் ஓட வேண்டும், லென்ஸ் எந்த உயரத்தில் இருக்க வேண்டும், எவ்வளவு வெளிச்சம் வேண்டும் என்பதையெல்லாம் அவர் தெரிந்து வைத்திருந்தார். காட்ஸில்லாவுக்கு முன்பே ஏறக்குறைய முப்பத்தைந்து ஆண்டுகள் காமிராவோடு வாழ்ந்தவர் அவர். அந்த ஆண்டுகளைத் தெரிந்துகொண்டால்தான் 1954-ல் வந்த முதல் காட்ஸில்லா புரியும்.

1901-ல் ஃபுகுஷிமா மாகாணத்தின் சுககாவாவில் பிறந்தார். மிசோ என்ற சோயா விழுதுக்கும் சாக்கே என்ற அரிசி மதுவுக்கும் அடிப்படையான கோஜி (புளிக்கவைக்கும் பூஞ்சை வளர்த்த அரிசி) தயாரிக்கும் குடும்பம். சிறு வயதிலேயே தாயை இழந்து, பாட்டியிடம் வளர்ந்தார். 1910-ல் ஜப்பானில் முதன்முறையாக விமானம் பறந்த செய்தி அவரைப் பிடித்துக்கொண்டது. மாதிரி விமானங்கள் செய்யத் தொடங்கினார். 1916-ல் ஹனேடாவில் இருந்த விமானப் பயிற்சிப் பள்ளியில் சேர்ந்தார். மறு ஆண்டே அங்கு பயிற்சி கொடுத்தவர் விபத்தில் இறக்க, பள்ளி மூடப்பட்டது. பிறகு டோக்கியோவின் கண்டா பகுதியில் மின் பொறியியல் படிப்பு, 1919 வாக்கில் சினிமாக் கம்பெனியில் வேலை. விமான ஆசை கடைசிவரை போகவில்லை. அவருடைய படங்களில் விமானங்கள் பறக்கும் காட்சிகளில் தெரியும் அக்கறையே அதற்குச் சாட்சி.

1926-ல் டெய்னொசுகே கினுகாசாவின் சோதனை முயற்சியான மௌனப் படத்தில் உதவி ஒளிப்பதிவாளர். பிறகு கியோட்டோ ஸ்டூடியோக்களில் முழு ஒளிப்பதிவாளர். காமிரா கிரேனைத் தானே வடிவமைத்துக் கட்டியவர். 1933-ல் அமெரிக்காவின் 'கிங் காங்' ஜப்பானுக்கு வந்தது. அதன் பிரதி ஒன்றைப் பெற்று, ஃபிரேம் ஃபிரேமாகப் பிரித்துப் பார்த்து, எந்த ஷாட்டில் பொம்மை, எதில் பின்திரை, எதில் கண்ணாடியில் வரைந்த பின்னணி என்று ஆராய்ந்தார். வாழ்க்கையின் திசை அங்கேதான் முடிவானது.

கியோட்டோவின் ஜே.ஓ. ஸ்டூடியோவில் அவர் முதலில் கையில் எடுத்தது பின்திரைப் புரொஜெக்‌ஷன். நடிகருக்குப் பின்னால் ஊடுருவித் தெரியும் திரை, அதன் பின்னாலிருந்து புரொஜெக்டர், முன்னால் காமிரா. கேட்க எளிது, செய்தால் இரண்டு தொல்லை வரும். புரொஜெக்டரின் ஷட்டரும் காமிராவின் ஷட்டரும் ஒரே நேரத்தில் திறக்காவிட்டால் பின்னணி மினுங்கும் அல்லது இருண்டு போகும். இரண்டாவது, திரையின் நடுப்பகுதி மட்டும் பிரகாசமாகி ஓரங்கள் மங்கும். இரண்டு மோட்டார்களையும் ஒன்றோடொன்று பூட்டி, திரைக்கு ஏற்ப லென்ஸையும் தூரத்தையும் சரிசெய்தால்தான் காட்சி நிற்கும். ஜெர்மன் இயக்குநர் ஆர்னோல்ட் ஃபாங்க் ஜப்பானில் எடுத்து 1937-ல் வெளியான கூட்டுத் தயாரிப்பில் சுபுராயாவின் பின்திரை வேலை இடம்பெற்றது. அதே ஆண்டில் டோஹோ திரைப்பட நிறுவனம் அவரை டோக்கியோவுக்கு அழைத்து, சிறப்புத் தொழில்நுட்பப் பிரிவு ஒன்றை அவர் பொறுப்பில் தொடங்கியது.

அந்தப் பிரிவு வளர்ந்தது போரால். இதை மறைத்து அவரைப் பற்றி எழுதுவது சரியல்ல. 1942 டிசம்பரில், பேர்ல் ஹார்பர் தாக்குதலின் முதல் ஆண்டு நிறைவையொட்டி, கஜிரோ யமமோட்டோ இயக்கிய பிரசாரப் படம் வெளியானது. அதற்காக பேர்ல் ஹார்பர் முழுவதையும் மினியேச்சராக, அதாவது சிறிய அளவு மாதிரியாக, ஸ்டூடியோ வளாகத்தில் கட்டினார் சுபுராயா. கடற்படை ரகசியம் காத்ததால் பத்திரிகைப் புகைப்படங்களை வைத்துத்தான் கப்பல்களின் அளவைக் கணக்கிட வேண்டியிருந்தது. தொழில்நுட்பமாகப் பார்த்தால் அது பாய்ச்சல்; நோக்கம் போர்வெறி. போருக்குப் பின் இந்தப் படங்களே அவருக்கு எதிராக நின்றன. 1948-ல் அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகத்தின் தடைப் பட்டியலில் சேர்ந்து டோஹோவை விட்டு வெளியேறினார். சொசிகயாவில் வீட்டிலேயே சிறு ஆய்வுக்கூடம் அமைத்து வெளிவேலை செய்தார். தடை நீங்கி டோஹோவுக்குத் திரும்பியபின், 1953-ல் ஒரு பசிபிக் போர்ப் படத்தில் இயக்குநர் இஷிரோ ஹோண்டாவோடு சேர்ந்தார். காட்ஸில்லாவின் முக்கியக் கூட்டணி அமைந்தது அப்போதுதான்.

1954-ல் இந்தோனேசியாவோடு சேர்ந்து எடுப்பதாக இருந்த படம் கைவிடப்பட, தயாரிப்பாளர் டொமொயுகி தனகாவுக்கு அந்த இடத்தை நிரப்ப அவசரமாக ஒரு படம் வேண்டியிருந்தது. அந்த மார்ச் 1-ஆம் தேதி பிகினி தீவில் அமெரிக்கா ஹைட்ரஜன் குண்டு சோதனை நடத்தி, 'டைகோ ஃபுகுர்யு மாரு' என்ற மீன்பிடிப் படகின் 23 பேர் கதிர்வீச்சுச் சாம்பலில் நனைந்திருந்தார்கள். குண்டு எழுப்பிய கடல் மிருகம் என்ற கதை அங்கிருந்து வந்தது.

சுபுராயா விரும்பியது 'கிங் காங்' பாணி ஸ்டாப் மோஷன். பொம்மையை இம்மி இம்மியாக நகர்த்தி ஒவ்வொரு ஃபிரேமாக எடுக்கும் முறை. ஒரு விநாடிக்கு 24 முறை நகர்த்த வேண்டும். ஜப்பானில் அதற்குப் பழகிய ஆட்கள் இல்லை. அப்படி எடுத்தால் ஏழு ஆண்டு ஆகும் என்று அவர் சொன்னதாகக் குறிப்புகள் உண்டு. படம் நவம்பர் 3-ல் திரைக்கு வந்தாக வேண்டும். ஆகவே உடை.

டெய்சோ தோஷிமிட்சு சிற்பமாகச் செதுக்க, யாகி சகோதரர்கள் உள்ளிட்ட குழு உடையைக் கட்டியது. மூங்கிலும் கம்பி வலையும் எலும்பு, அதன்மேல் துணி, அதன்மேல் உருக்கி ஊற்றிய ரப்பர். முதல் உடை ஏறத்தாழ 100 கிலோ. உள்ளே நின்ற ஹருவோ நகஜிமாவால் சில மீட்டருக்கு மேல் நடக்க முடியவில்லை. ரப்பர் தடித்து இறுகிவிட்டதால் மூட்டுகள் மடங்கவில்லை என்பதே காரணம். அந்த உடையை வீணாக்காமல் இரண்டாக வெட்டி, கால்கள் மட்டும் தெரியும் ஷாட்டுகளுக்குப் பயன்படுத்தினார்கள். முழு உருவத்துக்கு இலகுவான இரண்டாவது உடை வந்தது. முகத்தை நெருங்கிக் காட்டும் ஷாட்டுகளுக்குக் கையால் இயக்கும் தனிப் பொம்மை. நகஜிமா உயிரியல் பூங்காவுக்குப் போய் யானையும் கரடியும் எப்படி எடையை மாற்றி நடக்கின்றன என்று பார்த்துப் பழகினார்.

இனி எடைக் கணக்கு. காட்ஸில்லாவின் உயரம் 50 மீட்டர், உடை 2 மீட்டர். விகிதம் 25-க்கு 1. ஐம்பது மீட்டர் உயரத்திலிருந்து ஒரு கல் விழ சுமார் 3.2 விநாடி ஆகும். மினியேச்சரில் அது 2 மீட்டர், விழ 0.64 விநாடி போதும். புவியீர்ப்பை மினியேச்சருக்காகக் குறைக்க முடியாது. ஆகவே நேரத்தை நீட்ட வேண்டும். இரண்டுக்கும் இடையே 5 மடங்கு வித்தியாசம், அதாவது 25-இன் வர்க்கமூலம். விநாடிக்கு 24 ஃபிரேமில் திரையிடும் படத்தை 120 ஃபிரேமில் எடுத்தால் இடிபாடு சரியான வேகத்தில் விழும். நடைமுறையில் பெரும்பாலும் இரண்டு, மூன்று மடங்கு வேகத்தில் நின்றார்கள். முழுக் கணக்கைப் பின்பற்றினால் இடிபாடு சரியாக இருக்கும், ஆனால் உடைக்குள் இருப்பவரின் நடை தண்ணீருக்குள் நடப்பதுபோல் இழுபடும். அந்த இரண்டுக்கும் நடுவில் ஷாட்டுக்கு ஷாட் வேகத்தைத் தேர்ந்தெடுப்பதில்தான் சுபுராயாவின் கண் வேலை செய்தது. நடிகரும் அதற்கேற்ப இயல்பைவிட வேகமாக அசைய வேண்டும்: ஒரு மனிதர் சாதாரணமாகக் கை வீசினால் திரையில் அது சோம்பலாகத் தெரியும்.

வேகம் கூடினால் வெளிச்சம் போதாது. 24-லிருந்து 72 ஃபிரேமுக்குப் போனால் ஒவ்வொரு ஃபிரேமுக்கும் கிடைக்கும் வெளிச்சம் மூன்றில் ஒரு பங்கு. மினியேச்சரில் இன்னொரு சிக்கலும் உண்டு. காமிரா பொருளுக்கு மிக அருகில் இருப்பதால் முன்னால் இருக்கும் கட்டடம் தெளிவாகவும் பின்னால் இருப்பது மங்கலாகவும் விழும். உண்மையான நகரத்தைத் தூரத்திலிருந்து எடுத்தால் அப்படி மங்காது. மங்கல் தெரிந்த கணமே பார்ப்பவர் மூளை 'பொம்மை' என்று முடிவு கட்டிவிடும். ஆகவே லென்ஸ் துளையைச் சுருக்க வேண்டும் (எஃப் எண் கூடினால் துளை சிறிதாகும்). எஃப் 4-லிருந்து எஃப் 8-க்குச் சுருக்கினால் வெளிச்சம் நான்கு மடங்கு தேவை. முன்பு சொன்ன மூன்று மடங்கோடு பெருக்கினால் பன்னிரண்டு மடங்கு. அன்றைய ஃபிலிமின் உணர்திறனும் குறைவு. ரப்பர் உடைக்குள் இருந்தவர்கள் சில நிமிடங்களில் மயங்கியதும், உடையிலிருந்து வியர்வையை வடித்து ஊற்றியதும் இந்தப் பெருக்கலின் விளைவு.

காமிரா வேகம் தவறினால் என்ன ஆகும் என்பதற்கு 1955-ல் வந்த இரண்டாவது காட்ஸில்லா படமே சான்று. சண்டைக் காட்சியில் ஒரு காமிரா தவறுதலாக 18 ஃபிரேமில் ஓடிவிட்டது. திரையில் மிருகங்கள் விறுவிறுவென்று நாய்ச்சண்டைபோல் கடித்துக்கொண்டன. சுபுராயா அதைத் தூக்கியெறியவில்லை. மூர்க்கம் கூடியிருப்பதாகக் கருதிப் படத்தில் சேர்த்தார். என் பார்வையில் அங்கு மூர்க்கம் கூடுகிறது, எடை போய்விடுகிறது. முதல் படத்தையும் இரண்டாவதையும் அடுத்தடுத்துப் பார்த்தால் இந்த வித்தியாசம் கண்ணில் அறையும். 'சிறப்புத் தொழில்நுட்ப இயக்குநர்' என்ற தனிப் பட்டம் அவர் பெயரோடு முதலில் வந்ததும் இந்த இரண்டாவது படத்தில்தான்.

கட்டடங்களுக்கு வருவோம். மரச் சட்டத்தின்மேல் பிளாஸ்டர். கெட்டியான பிளாஸ்டர் பெரிய பாளமாக உடையும், அது பொம்மையைக் காட்டிக்கொடுக்கும். கலவையைப் பலவீனமாக்கி, எங்கே உடைய வேண்டுமோ அங்கே முன்கூட்டியே கீறி வைத்தால்தான் சிறு சிறு துண்டுகளாகச் சரியும். பின்வரிசைக் கட்டடங்களைச் சிறிய அளவில் கட்டினால் தெருவுக்கு நீளம் கிடைக்கும். காமிராவைத் தரைமட்டத்தில், அந்தத் தெருவில் நிற்கும் ஒரு மனிதனின் கண் உயரத்தில் வைக்க வேண்டும். மேலே தூக்கினால் முழு செட்டும் மேசைமேல் பரப்பிய விளையாட்டுச் சாமானாகிவிடும். மிருகத்தின் வாய்ச்சூட்டில் மின்கோபுரங்கள் உருகி வளையும் காட்சியில் கோபுரங்கள் மெழுகால் ஆனவை. வலிமையான விளக்குகளின் சூடு பட்டு அவை தாமாகவே தொய்ந்தன. முதல் படத்தில் டோக்கியோ அழிவது இரவில். கருத்த வானம் செட்டின் எல்லையையும் கம்பிகளையும் விழுங்கிக்கொள்ளும். கதையின் திகிலுக்கும் அது உதவியது.

வால், விமானம், பறக்கும் மிருகம் எல்லாம் பியானோக் கம்பியில் தொங்கின. விளக்கொளி பட்டுக் கம்பி மின்னினால் ஷாட் போயிற்று. பின்னணி நிறத்தையே கம்பிக்குப் பூசுவார்கள். சுபுராயாவின் இன்னொரு உத்தி எனக்கு மிகவும் பிடித்தது. விமானத்தைத் தலைகீழாகக் கட்டித் தொங்கவிட்டு, காமிராவையும் தலைகீழாக வைத்து எடுப்பார். திரையில் விமானம் நேராகப் பறக்கும், கம்பிகள் அதன் கீழே இருக்கும். பார்ப்பவர் கம்பியை மேலே மட்டும்தானே தேடுவார். குண்டுவெடிப்பின் காளான் மேகத்துக்கும் இதே தலைகீழ் முறை உதவியது: கண்ணாடித் தொட்டித் தண்ணீரில் மேலிருந்து வண்ணத்தைக் கொட்டி, அது விரிந்து இறங்குவதை எடுத்து, படத்தைத் திருப்பினால் மேகம் பொங்கி எழும்.

அவருக்கும் முழுதாக வசப்படாதவை தண்ணீரும் நெருப்பும். துளியின் அளவை நிர்ணயிப்பது பரப்பு இழுவிசை. கப்பலைச் சிறிதாக்கலாம், துளியைச் சிறிதாக்க முடியாது. மினியேச்சர் கப்பலின் அருகே தெறிக்கும் ஒரு துளி, கணக்குப்படி ஒரு கால்பந்து அளவு தெரியும். தீப்பொறிக்கும் இதே கதி. வேகத்தைக் கூட்டுவது பாதித் தீர்வுதான். மீதிக்கு மினியேச்சரைப் பெரிதாக்குவதே வழி. 1960-ல் ஹவாய், மிட்வே போர்ப் படத்துக்காக டோஹோ வளாகத்தில் பெரும் திறந்தவெளிக் குளம் கட்டப்பட்டது இதற்காகத்தான். 2004 வரை அது பயன்பட்டது. அந்தப் படத்தின் போர்க்காட்சிகளை 1976-ல் ஹாலிவுட்டின் 'மிட்வே' படத்திலேயே எடுத்து ஒட்டினார்கள். உயரத்திலிருந்து பார்க்கும் கடலுக்குத் தண்ணீரே இல்லாமல் கடல்பாசியைக் காய்ச்சி உறையவைத்து, அதன்மேல் அலைக்கோடுகள் போடும் வழியும் அவர் குழுவுக்கு இருந்தது. உறைந்த கடல்பாசியில் அலை அசையாது, ஆனால் அந்த உயரத்திலிருந்து பார்த்தால் உண்மைக் கடலும் அசையாததுபோலத்தான் தெரியும்.

1956-ல் 'ரோடான்', வண்ணத்தில் வந்த டோஹோவின் முதல் ராட்சத மிருகப் படம். இரவின் பாதுகாப்பு போய்விட்டது. பட்டப்பகலில் ஃபுகுவோகா நகரம். ரோடானின் இறக்கைக் காற்றில் கூரை ஓடுகள் ஒவ்வொன்றாகப் பிய்த்துக்கொண்டு போகும் அந்த ஷாட்டுகளைச் சுபுராயாவின் சிறந்த வேலையாக நான் வைப்பேன். ஒரு கூரையை மொத்தமாகத் தூக்கிப் பறக்கவிட்டிருந்தால் பொம்மை. ஓடு ஓடாகப் போவதால் வீடு. இதே படத்தில் ஆபத்தும் நேர்ந்தது. சைகாய் பாலத்தின்மேல் தொங்கிய நகஜிமாவின் கம்பி ஏற்பாடு அறுந்து, பல மீட்டர் உயரத்திலிருந்து விழுந்தார். கீழே இருந்த தண்ணீரும், உடையின் தடிமனும் அவரைக் காப்பாற்றின.

1961-ல் ராட்சத அந்துப்பூச்சியின் கதையான 'மோத்ரா': புழுவின் நீண்ட உடைக்குள் பல பேர் வரிசையாக நின்று ஊர்ந்தார்கள். 1962-ல் 'கிங் காங் எதிர் காட்ஸில்லா' ஜப்பானில் 1 கோடியே 25 லட்சம் பார்வையாளர்களைக் கண்டது; முதல் காட்ஸில்லாவுக்கு வந்தவர்கள் 96 லட்சம். குழந்தைகள் கூட்டம் பெருகப் பெருக, மிருகங்களுக்கு மனிதச் சேட்டைகள் சேர்ந்தன. குழந்தைகள் பயந்து அழுவதைவிடச் சிரித்துவிட்டுப் போவதைச் சுபுராயாவே விரும்பினார். ஹோண்டாவுக்கு அதில் முழு உடன்பாடு இல்லை.

அவரைக் கேலி செய்பவர்களுக்கு நான் காட்டும் படம் 1966-ல் வந்த 'வார் ஆஃப் த கார்கான்டுவாஸ்'. அதில் வரும் இரு மிருகங்களில் கைரா 25 மீட்டர், சாண்டா 30 மீட்டர். மிருகம் பாதி உயரமானால், அதே மனிதர் உள்ளே நடிப்பதால், கட்டடங்கள் இரு மடங்கு பெரிதாக வேண்டும். பெரிய மினியேச்சரில் ஜன்னல் கம்பி, மரக்கிளை, கூரை ஓடு எல்லாம் நுணுக்கமாக வரும். தண்ணீரும் புகையும் அளவுக்கு நெருங்கும். விகிதம் 12.5 ஆகும்போது தேவையான காமிரா வேகமும் ஏறத்தாழ 85 ஃபிரேமுக்கு இறங்கிவிடுகிறது; நடிகர் ஓடலாம், பாயலாம், அப்படியும் எடை நிற்கும். உடையும் மெலிந்தது. மேலே சொன்ன எல்லாக் கணக்கும் ஒரே படத்தில் சாதகமாகக் கூடி வந்தது இங்கேதான்.

இடையில் 1963-ல் சொந்த நிறுவனம் தொடங்கினார். அமெரிக்காவின் ஆக்ஸ்பெர்ரி 1200 ஆப்டிக்கல் பிரிண்டரை 4 கோடி யென் விலைக்குச் சொல்லி வைத்தார், பணம் இல்லை. அவர் திட்டமிட்டிருந்த தொலைக்காட்சித் தொடர் ஒன்று கைவிடப்பட்டிருக்க, டி.பி.எஸ். தொலைக்காட்சி நிறுவனம் அந்தக் கருவியின் செலவை ஏற்று, அதற்கு ஈடாகத் தொடர் கேட்டது. அப்படிப் பிறந்தது 1966 ஜனவரி 2-ல் தொடங்கிய 'அல்ட்ரா க்யூ'. ஆப்டிக்கல் பிரிண்டர் என்பது எடுத்த ஃபிலிமைப் புரொஜெக்டரில் ஓட்டி மறு காமிராவால் மீண்டும் எடுப்பது. முகமூடி ஃபிலிம் வைத்து இரு காட்சிகளை ஒன்றாக்கலாம். ஒவ்வொரு முறை மறுபடி எடுக்கும்போதும் துகள் தடிக்கும், கறுப்பு வெள்ளை வேறுபாடு கூடும். ஃபிலிம் ஒரு இழை அளவு ஆடினாலும் உருவத்தைச் சுற்றிக் கோடு விழும். ஃபிலிமை அசையாமல் பிடிக்கும் துல்லியத்துக்காகத்தான் அவர் அந்தக் கருவிக்கு ஆசைப்பட்டார். தொலைக்காட்சிக்கு 16 எம்.எம். போதும் என்ற காலத்தில் 'அல்ட்ரா க்யூ'வை 35 எம்.எம்.மில் எடுத்ததற்கும் இதே காரணம்.

அதே ஆண்டு ஜூலையில் 'அல்ட்ராமேன்' வண்ணத்தில் வந்தது. மிருகங்களை டோரு நரிட்டா வரைந்தார், பெரும்பாலான உடைகளை ரியோசாகு டகயாமா செய்தார். வாரம் ஒரு மிருகம் என்றால் செலவு தாங்காது. டோஹோ படத்தின் பாராகோன் என்ற மிருகத்தின் உடை ஒன்றே தலையும் கொம்பும் மாற்றி, 'அல்ட்ரா க்யூ'வில் பாகோஸ், 'அல்ட்ராமேனி'ல் நெரோங்கா, மாகுலார், கபோரா என்று நான்கு மிருகமானது. காட்ஸில்லா உடைக்குக் கழுத்தில் விசிறி கட்டி ஜிராஸ் ஆக்கினார்கள். நாயகன் அல்ட்ராமேனுக்குப் பூமியில் மூன்று நிமிடம்தான் பலம் என்ற விதி, சண்டையைச் சுருக்கிச் செலவையும் கட்டுப்படுத்தியது. அப்படியும் தயாரிப்பு வேகம் ஒளிபரப்புக்கு ஈடுகொடுக்க முடியாமல் 39 பகுதிகளோடு 1967 ஏப்ரலில் நின்றது. பார்வையாளர் குறைந்ததால் நிறுத்தவில்லை. தரத்தை இறக்க அவர்கள் சம்மதிக்கவில்லை.

அறுபதுகளின் பிற்பாதியில் காட்ஸில்லா படங்களின் அன்றாட வேலை சதமாசா அரிகாவாவிடம் போனது. சுபுராயா மேற்பார்வை பார்த்தார். ஜப்பான் கடல் போரைப் பற்றிய 1969 படம் அவருடைய கடைசிப் பெரிய வேலைகளில் ஒன்று. 1970 ஜனவரி 25-ல் இட்டோவில் இதய நோயால் இறந்தார், வயது 68. டெருயோஷி நகானோ, பிறகு கோய்ச்சி கவகிதா என்று டோஹோவின் அடுத்த தலைமுறைகள் அவர் முறையிலேயே தொடர்ந்தன. சுககாவாவில் 2019-ல் அவர் பெயரில் அருங்காட்சியகம் திறந்தார்கள்.

பார்க்கத் தொடங்குபவர்கள் முதலில் 1954 படத்தை ஜப்பானிய மூலத்தில் பாருங்கள். 1956-ல் வந்த அமெரிக்கப் பதிப்பில் ரேமண்ட் பர் நடித்த காட்சிகளைப் புகுத்தி நிறைய வெட்டியிருக்கிறார்கள். அடுத்து 'ரோடான்', பிறகு 'கார்கான்டுவாஸ்'. மிருகத்தை விட்டுவிட்டு, இடிந்து விழும் துண்டுகள் எவ்வளவு நேரம் காற்றில் இருக்கின்றன என்பதை மட்டும் கவனியுங்கள்.